கேமரன் மலையில் காணாமல் போன ஜிம் தாம்சன்: கண்காணித்தவர், கண்காணிக்கப்பட்டவர்

கேமரன் மலைக்குப் போயிருக்கீங்களா? தாப்பாவிலிருந்து வளைந்து வளைந்து ஏறும் சாலை, பிரிஞ்சாங் இரவுச் சந்தை, ஸ்ட்ராபெரி, மலைச்சரிவு முழுக்கத் தேயிலை. போனவர்கள் தேயிலைத் தோட்டத்தில் நின்று ஒரு படமாவது எடுக்காமல் வந்திருக்க மாட்டீங்க. அந்தப் படத்தை எந்த இடத்தில், எத்தனை மணிக்கு எடுத்தீங்க என்பதை உங்கள் கைத்தொலைபேசி பெரும்பாலும் தானாகவே குறித்து வைத்திருக்கும்.

1967ஆம் ஆண்டு மார்ச் 26ஆம் தேதி. அதே மலையில் 61 வயது அமெரிக்கர் ஒருவர் தாம் தங்கியிருந்த பங்களாவிலிருந்து வெளியே நடந்து போனார். திரும்பி வரவே இல்லை. எந்தப் பக்கம் போனார், எவ்வளவு தூரம் போனார் என்று சொல்ல ஒரு தடயமும் கிடைக்கவில்லை. அவர் பெயர் ஜிம் தாம்சன்.

பேங்காக் போனவர்களுக்கு இந்தப் பெயர் தெரிந்திருக்கும். பட்டுக் கைக்குட்டை, கழுத்துப்பட்டை, பைகள் விற்கும் கடைகளின் பெயர்ப்பலகையில் இருப்பது அவர் பெயர்தான். ஆனால் பட்டு வியாபாரம் அவர் வாழ்க்கையின் ஒரு பாதி. இன்னொரு பாதி உளவு.

அரசாங்கம் நம்மைக் கண்காணிக்கலாமா? பாதுகாப்புக்காக எந்த அளவுக்கு அந்தரங்கத்தை விட்டுக்கொடுக்கலாம்? இந்த வாக்குவாதம் வரும்போதெல்லாம் நாம் ஏதாவது ஒரு பக்கம் சாய்ந்துவிடுகிறோம். ஜிம் தாம்சனின் வாழ்க்கையில் இரண்டு பக்கமும் இருக்கு. அதனால்தான் இந்தக் கதை.

யார் இந்த ஜிம் தாம்சன்?

1906ஆம் ஆண்டு மார்ச் 21ஆம் தேதி அமெரிக்காவின் டெலவேர் மாநிலத்தில் வசதியான குடும்பத்தில் பிறந்தவர். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் படித்தார். பிறகு கட்டடக்கலை படித்து, நியூயார்க்கில் கட்டடக் கலைஞராக வேலை பார்த்தார். நல்ல வேலை, நல்ல நண்பர்கள், விருந்துகள். முப்பது வயதைத் தாண்டியும் வாழ்க்கை அப்படியே போய்க்கொண்டிருந்தது.

இரண்டாம் உலகப் போர்தான் அதை மாற்றியது. ராணுவத்தில் சேர்ந்தவர், அங்கிருந்து ஓஎஸ்எஸ் என்ற அமைப்புக்குப் போனார். போர்க்கால அமெரிக்காவின் உளவு அமைப்பு அது. இன்றைய சிஐஏ-வுக்கு முன்னோடி.

வட ஆப்பிரிக்காவிலும் ஐரோப்பாவிலும் பணியாற்றிய பிறகு அவரை ஆசியாவுக்கு அனுப்பினார்கள். இலங்கையில் காட்டுப் பயிற்சி. தென்கிழக்காசியாவுக்கான நேச நாடுகளின் தலைமையகம் அப்போது கண்டியில் இருந்தது. அங்கிருந்து தாய்லாந்துக்குள் இறங்கி, ஜப்பானியரை எதிர்த்துக்கொண்டிருந்த தாய் விடுதலை இயக்கத்தோடு சேர்ந்து வேலை செய்ய வேண்டும் என்பது திட்டம். ஆனால் அவர் கிளம்பிய நேரத்தில் ஜப்பான் சரணடைந்துவிட்டது. சண்டை போட வந்தவர், சண்டை முடிந்த பேங்காக்கில் போய் இறங்கினார். ஓஎஸ்எஸ் அமைப்பின் பேங்காக் பொறுப்பாளராகவும் ஆனார்.

அவர் வேலை என்ன?

சுருக்கமாகச் சொன்னால், ஆட்களைத் தெரிந்து வைத்துக்கொள்வது. யார் யாரோடு பேசுகிறார், யார் எந்தப் பக்கம், நாளைக்கு யார் ஆட்சிக்கு வரலாம் என்று விசாரித்து மேலிடத்துக்குச் சொல்வது.

தாம்சனுக்கு அது இயல்பாகவே வந்தது. தாய்லாந்தின் வடகிழக்குப் பகுதி அரசியல்வாதிகள் அவருக்கு நெருக்கமானார்கள். பிரெஞ்சு ஆட்சியிடமிருந்து விடுதலை கேட்டுப் போராடிய லாவோஸ் தலைவர்களோடும் பழகினார். அவர்களில் பலர் ஜப்பானியருக்கு எதிராகப் போரிட்டவர்கள். காலனி ஆட்சி ஒழிய வேண்டும் என்று நினைத்தவர்கள். தாம்சனுக்கும் அந்த எண்ணத்தில் உடன்பாடு உண்டு. அமெரிக்காவும் கடைசியில் இவர்கள் பக்கம்தான் நிற்கும் என்று அவர் நம்பினார்.

அரசு சார்பில் தகவல் திரட்டியவர், திரட்டிய தகவலால் இந்த மனிதர்களுக்கு நல்லது நடக்கும் என்று நம்பினார். இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்க. கதை இங்கேதான் திரும்புது.

நண்பர்களே சந்தேகத்துக்குக் காரணமானது எப்படி?

1947 நவம்பரில் தாய்லாந்தில் ராணுவம் ஆட்சியைக் கவிழ்த்தது. தாய் விடுதலை இயக்கத்தின் தலைவரான பிரிதி பனோம்யோங் நாட்டை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. அவரோடு இருந்தவர்கள் எல்லோரும் ஒரே இரவில் சந்தேகத்துக்கு உரியவர்கள் ஆனார்கள்.

1949 மார்ச்சில், முன்னாள் அமைச்சர்கள் நால்வர் காவல்துறையின் பிடியில் இருந்தபோதே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். தாம்சன் பழகிய வட்டத்தைச் சேர்ந்தவர்களும் அவர்களில் இருந்தார்கள். 1952 டிசம்பரில், தாய் விடுதலை இயக்கத்தில் முக்கியப் பங்கு வகித்த தியாங் சிரிகான் கொல்லப்பட்டார். அவரும் தாம்சனுக்குத் தெரிந்தவர். அப்போது தாய்லாந்துக் காவல்துறைக்குத் தலைமை தாங்கியவர் பாவ் சியானோன். கம்யூனிசத்தைத் தடுக்க வேண்டும் என்ற காரணத்துக்காக அந்தக் காவல்துறைக்குச் சிஐஏ ஆயுதமும் பயிற்சியும் கொடுத்துக்கொண்டிருந்தது.

அதாவது தாம்சனின் சொந்த நாட்டு உளவு அமைப்பு, அவருடைய நண்பர்களைக் கொன்ற காவல்துறைக்குத் துணையாக நின்றது.

அதோடு முடியவில்லை. அந்த நேரத்தில் அமெரிக்காவிலும் காற்று மாறியிருந்தது. செனட்டர் ஜோசஃப் மெக்கார்த்தி 1950இல் தொடங்கிவைத்த கம்யூனிஸ்ட் வேட்டை பலரின் வேலையையும் பெயரையும் காவு வாங்கியது. பழைய நண்பர் யார், எந்தக் கூட்டத்துக்குப் போனார், எந்தப் பத்திரிகை வாங்கினார் என்பதெல்லாம் விசாரணைக்கு வந்தன. தாம்சனும் அதில் தப்பவில்லை. அமெரிக்க நலனுக்கு எதிராக நடக்கிறாரோ என்று எஃப்பிஐ அவரைப் பற்றி விசாரித்ததாக, அவர் வாழ்க்கையை ஆராய்ந்து 2011இல் நூல் எழுதிய ஜோஷுவா கெர்லான்ட்சிக் சொல்கிறார்.

சந்தேகம் எதிலிருந்து வந்தது? அவர் யாரோடு பழகினார் என்பதிலிருந்து. அந்த ஆட்களோடு பழகச் சொல்லி அனுப்பியதே அவருடைய அரசாங்கம்தான்! 1945இல் அவர் திறமைக்குச் சான்றாக இருந்த அதே நட்பு, சில ஆண்டுகளில் அவர் மேல் சந்தேகமாகிவிட்டது. இத்தனைக்கும் அவர் மேல் எந்த வழக்கும் தொடுக்கப்படவில்லை.

தகவல் திரட்டுவதில் உள்ள பெரிய சிக்கல் இதுதான். இன்றைக்கு உங்களைப் பற்றி ஒரு விவரம் பதிவாகிறது. இன்றைக்கு அதில் தப்பு ஒன்றும் இல்லை. பத்து ஆண்டு கழித்து ஆட்சி மாறலாம், சட்டம் மாறலாம், எதிரி யார் என்ற கணக்கு மாறலாம். விவரம் மட்டும் அப்படியே இருக்கும். அதைப் படிப்பவர் வேறு ஆளாக இருப்பார். 'நான் ஒரு தப்பும் செய்யலையே, எனக்கென்ன பயம்?' என்று கேட்பவர்கள் யோசிக்க வேண்டிய இடம் இது.

பட்டு எப்படி வந்தது?

தாம்சன் 1946இல் உளவு வேலையை விட்டார். பேங்காக்கை விட மனமில்லை. அங்கே கைத்தறிப் பட்டு கிட்டத்தட்ட அழியும் நிலையில் இருந்தது. ஆலைத்துணி மலிவாகக் கிடைத்ததால் நெசவாளர்கள் தறியை விட்டு வேறு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். பேங்காக்கின் பான் குருவா பகுதியில், சாம் முஸ்லிம் குடும்பங்கள் சில மட்டும் இன்னும் நெய்துகொண்டிருந்தன.

அவர்களிடம் பட்டு வாங்கி நியூயார்க்கில் உள்ள பத்திரிகை ஆசிரியர்களிடமும் ஆடை வடிவமைப்பாளர்களிடமும் காட்டினார். 1948இல் தாய் பட்டு நிறுவனம் பிறந்தது. 1951இல் பிராட்வே மேடையேறிய 'தி கிங் அண்ட் ஐ' இசை நாடகத்தின் உடைகளுக்கு அவருடைய பட்டு பயன்பட்டது. அதன்பிறகு தாய் பட்டுக்கு உலகச் சந்தை திறந்தது. நெசவாளர்கள் தொழிற்சாலைக்கு வரத் தேவையில்லை, வீட்டிலேயே நெய்யலாம் என்று அவர் ஏற்பாடு செய்திருந்தார். நிறுவனத்தின் பங்குகளில் பெரும்பகுதி தாய்லாந்து மக்கள் கையில்தான் இருந்தது.

பான் குருவாவுக்கு எதிரே, கால்வாயின் மறுகரையில், பழைய தேக்கு வீடுகளைக் கொண்டுவந்து சேர்த்துத் தமக்கு ஒரு வீடு கட்டிக்கொண்டார். இன்று அது அருங்காட்சியகம். அன்று அவர் வீட்டு விருந்துக்கு அழைப்பு கிடைப்பதே பெருமை. தூதர்கள், எழுத்தாளர்கள், நடிகர்கள் என்று ஊரே வந்து போகும். ஆனாலும் அவர் இன்னும் உளவு பார்க்கிறார் என்ற பேச்சு கடைசிவரை ஓயவில்லை. வியட்நாமிலும் லாவோஸிலும் அமெரிக்கா செய்துகொண்டிருந்ததை அவர் வெளிப்படையாகவே குறை சொன்னார். அது அவருக்கு நண்பர்களைக் கூட்டவில்லை.

கேமரன் மலையில் என்ன ஆச்சு?

1967 மார்ச் மாதக் கடைசி வாரம். ஈஸ்டர் விடுமுறை. தாம்சன், தம் தோழி கோனி மங்ஸ்காவோடு பேங்காக்கிலிருந்து பினாங்கு வந்து, அங்கிருந்து கேமரன் மலைக்கு ஏறினார். தானா ராத்தா அருகே 'மூன்லைட்' என்ற பங்களா. அதன் சொந்தக்காரர்கள் சிங்கப்பூரைச் சேர்ந்த டாக்டர் லிங், அவர் மனைவி ஹெலன் லிங். ஹெலன் சிங்கப்பூரில் பழம்பொருள் கடை நடத்தியவர்.

ஞாயிற்றுக்கிழமை காலை நால்வரும் தேவாலயத்துக்குப் போனார்கள். பிறகு பிரிஞ்சாங் மலைப் பக்கம் உணவு கட்டிக்கொண்டு போய்ச் சாப்பிட்டார்கள். பிற்பகல் பங்களாவுக்குத் திரும்பி ஓய்வெடுக்கப் போனார்கள். மாலை மூன்றரை மணி வாக்கில் சரளைக்கல்லில் காலடிச் சத்தம் கேட்டது. தாம்சன் நடக்கப் போகிறார் போல என்று நினைத்துவிட்டார்கள். அவருடைய மேல்சட்டையும் சிகரெட்டும் வலி மாத்திரைகளும் பங்களாவிலேயே இருந்தன. தூரம் போகிறவர் எடுத்துக்கொண்டு போகிற பொருள்கள் அவை. இருட்டியும் அவர் வரவில்லை.

தேடல் தொடங்கியது. காவல்துறை, ராணுவம், காட்டை உள்ளங்கைபோல அறிந்த ஓராங் அஸ்லி வழிகாட்டிகள், உள்ளூர் மக்கள் என்று நூற்றுக்கணக்கானோர் இறங்கினார்கள். மோப்ப நாய்கள், ஹெலிகாப்டர் எல்லாம் வந்தன. பத்து நாளுக்கு மேல் தேடியும் ஒரு துணித்துண்டுகூடக் கிடைக்கவில்லை.

அதற்குப் பிறகு வந்ததெல்லாம் கதைகள். கம்யூனிஸ்டுகள் கடத்திவிட்டார்கள், சிஐஏ தூக்கிவிட்டது, புலி அடித்தது, லாரி மோதிப் புதைத்துவிட்டார்கள், அவரே தம்மை மறைத்துக்கொண்டார். வெறும் பட்டு வியாபாரியாக இருந்திருந்தால், காட்டில் வழி தவறிப் பள்ளத்தில் விழுந்திருப்பார் என்றுதான் பலரும் சொல்லியிருப்பார்கள். உளவு என்ற ஒரு சொல் ஒட்டிக்கொண்டதால் அவர் சாவைக்கூட யாரும் சாதாரணமாகப் பார்க்கவில்லை. 1974இல் அமெரிக்க நீதிமன்றம் அவர் இறந்துவிட்டதாகச் சட்டப்படி அறிவித்தது. உடல் இன்றுவரை கிடைக்கவில்லை.

அந்த மலைக்குக் கண்காணிப்பு புதுசா?

புதுசே இல்லை. தாம்சன் வந்ததற்கு ஏழு ஆண்டுகளுக்கு முன்புதான் மலாயாவில் அவசரகாலம் முடிந்திருந்தது. 1948 முதல் 1960 வரை 12 ஆண்டுகள். கம்யூனிஸ்ட் கெரில்லாக்கள் காட்டில் இருந்தார்கள். அவர்களுக்குச் சோறும் தகவலும் ஊர்களிலிருந்து போகிறது என்று பிரிட்டிஷ் அரசாங்கம் கருதியது. அதனால் 12 வயதுக்கு மேற்பட்ட எல்லோருக்கும் புகைப்படமும் பெருவிரல் ரேகையும் உள்ள அடையாள அட்டை 1948இல் கட்டாயமானது. காட்டோரம் வாழ்ந்த சுமார் 5 லட்சம் பேரை, பெரும்பாலும் சீனர்களை, முள்வேலி போட்ட புதுக்கிராமங்களுக்கு மாற்றினார்கள். பல தோட்டங்களில் தொழிலாளர் லயங்களையும் ஒரே இடத்தில் சேர்த்து வேலி போட்டார்கள். அரிசிகூட அளந்துதான் கொடுக்கப்பட்டது. விசாரணை இல்லாமலேயே ஆட்களைத் தடுத்து வைக்க முடிந்தது.

உங்கள் தாத்தா பாட்டி தோட்டத்தில் இருந்தவர்கள் என்றால் அவங்ககிட்ட கேட்டுப் பாருங்க. ஐசி இல்லாமல் வெளியே போக முடியாத காலம் அவர்களுக்கு நினைவிருக்கலாம். சண்டை நிஜம், ஆபத்தும் நிஜம். மக்களைக் கணக்கெடுத்து அடைத்ததால் கெரில்லாக்கள் வலுவிழந்தார்கள் என்பதும் உண்மைதான். அந்தக் கணக்கெடுப்பில் பிறந்த அடையாள அட்டை, சண்டை முடிந்த பிறகும் போகவில்லை. வடிவம் மாறி இன்றும் மலேசியர், சிங்கப்பூரர் பணப்பைகளில் இருக்கிறது. அவசரத்துக்கு என்று வந்தது அவசரம் தீர்ந்தும் தங்கிவிடும்.

தாம்சன் கையில் தொலைபேசி இருந்திருந்தால்?

நேர்மையாக யோசிச்சுப் பார்ப்போம். இன்றைக்கு ஒருவர் அந்த மலையில் காணாமல் போனால், அவருடைய கைத்தொலைபேசி கடைசியாக எந்தக் கோபுரத்தோடு தொடர்பில் இருந்தது என்று காவல்துறை முதலில் பார்க்கும். தேட வேண்டிய காடு சுருங்கிவிடும். தாம்சன் உயிரோடு கிடைத்திருக்கக்கூடும். கண்காணிப்பே வேண்டாம் என்று சொல்பவர்கள், பங்களா வாசலில் இருட்டில் காத்திருந்த அந்த மூவரையும் நினைத்துப் பார்க்க வேண்டும்.

அதே தொலைபேசி 1949இல் பேங்காக்கில் அவர் கையில் இருந்திருந்தால்? அவர் யாரைச் சந்தித்தார், எந்த வீட்டில், எத்தனை மணி நேரம் என்ற பட்டியல், தாய்லாந்துக் காவல்துறைக்கு ஒரு நொடியில் கிடைத்திருக்கும்.

கருவி ஒன்றுதான். யார் கையில், எந்த விதியோடு என்பதில்தான் வித்தியாசம்.

இப்போது விதி என்ன?

சிங்கப்பூரில் டிரேஸ்டுகெதர் ஞாபகம் இருக்கும். கொவிட் காலத்தில் தொடர்புத் தடம் அறிய 2020 மார்ச்சில் வந்தது. நோய்ப்பரவலைத் தடுக்க மட்டும்தான் என்று சொல்லப்பட்டது. 2021 ஜனவரியில், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின்கீழ் காவல்துறையும் அந்தத் தகவலைப் பெறலாம் என்று நாடாளுமன்றத்தில் தெரிவிக்கப்பட்டது. மக்கள் மத்தியில் கேள்விகள் எழுந்தன. அடுத்த மாதமே, ஏழு வகையான கடுமையான குற்றங்களுக்கு மட்டும்தான் பயன்படுத்தலாம் என்று சட்டம் நிறைவேறியது. பிறகு அந்தத் திட்டமே முடித்துக்கொள்ளப்பட்டது. மக்கள் கேட்டார்கள், எல்லை வரையப்பட்டது.

மலேசியாவில் 2012ஆம் ஆண்டின் சொஸ்மா சட்டப்படி, பாதுகாப்புக் குற்றங்கள் தொடர்பில் தகவல் தொடர்பை இடைமறிக்க அரசுத் தலைமை வழக்கறிஞர் அனுமதி தரலாம். அதற்கு நீதிபதியின் உத்தரவு தேவையில்லை. 2010ஆம் ஆண்டின் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம் நிறுவனங்களைக் கட்டுப்படுத்துகிறது. கூட்டரசு, மாநில அரசாங்கங்களுக்கு அது பொருந்தாது. சிங்கப்பூரிலும் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டத்திலிருந்து அரசாங்க அமைப்புகளுக்கு விலக்கு உண்டு. அவற்றுக்குத் தனி விதிகள்.

இந்தியாவில் 2017 ஆகஸ்ட் 24ஆம் தேதி, ஓய்வுபெற்ற நீதிபதி புட்டசாமி தொடுத்த வழக்கில், ஒன்பது நீதிபதிகள் அமர்ந்த உச்ச நீதிமன்றம் அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று தீர்ப்பளித்தது. அதில் அரசு தலையிட வேண்டுமென்றால் சட்டம் இருக்க வேண்டும், நியாயமான நோக்கம் இருக்க வேண்டும், தலையீடு அந்த நோக்கத்துக்குத் தேவையான அளவைத் தாண்டக்கூடாது என்பது அந்தத் தீர்ப்பிலிருந்து வந்த அளவுகோல்.

எந்த நாட்டில் இருந்தாலும், புதிதாக ஒரு செயலியோ கேமராவோ அட்டையோ வரும்போது நீங்களும் கேட்கக்கூடிய கேள்விகள் சில: எதற்காக எடுக்கிறார்கள்? யார் பார்க்கலாம், அனுமதி கொடுப்பது யார்? எப்போது அழிப்பார்கள்? தப்பாகப் பதிவாகியிருந்தால் நான் எங்கே போய்ச் சொல்வது?

தாம்சனுக்கு இந்தக் கடைசிக் கேள்வியைக் கேட்க ஓர் இடமே இருக்கவில்லை. அவரைப் பற்றி எழுதிவைத்தவர்கள் இருந்தார்கள். அவர் தம் பக்கத்தைச் சொல்ல ஒரு மேசை இருக்கவில்லை. கடைசியில் அவருக்கு உதவி தேவைப்பட்ட அந்த ஞாயிற்றுக்கிழமை, அவர் எங்கே இருக்கிறார் என்று யாருக்குமே தெரியவில்லை.

அடுத்த முறை கேமரன் மலைக்குப் போனால், தானா ராத்தாவிலிருந்து காட்டுக்குள் போகும் நடைபாதைகளில் நீங்களும் இறங்கலாம். போகும் முன் எந்தப் பாதையில் போறீங்க, எத்தனை மணிக்கு வருவீங்க என்று தங்குமிடத்தில் சொல்லிட்டுப் போங்க. தொலைபேசியில் இருப்பிடம் காட்டும் வசதியை, நீங்கள் நம்பும் ஒருவருக்கு, அந்த நடை முடியும்வரை திறந்து வைங்க. திரும்பி வந்ததும் மறக்காமல் மூடிவிடுங்க.